இந்த வருஷம் களி வேண்டாம்!

உங்கள் வீட்டிலோ ஆபீஸிலோ 'எம்டன்' என்று பெயர் வாங்கிய ஆசாமி ஒருவர் கட்டாயம் இருப்பார். 1914 செப்டம்பர் 22 ராத்திரி சென்னைத் துறைமுகத்தில் குண்டு போட்டு, எண்ணெய் டாங்குகளைக் கொளுத்திவிட்டுப் போன ஜெர்மன் கப்பலின் பெயர் அது. முதல் உலக யுத்தம் நமக்கு என்ன கொடுத்தது என்று யாராவது கேட்டால், சட்டென்று நினைவுக்கு வருவது இந்த ஒரு வசவுதான்!

யுத்தத்துக்குப் போனவர்கள் வீட்டுக்கு எழுதிய கடிதாசியெல்லாம் என்ன ஆயிற்று?

பிரான்ஸில் சண்டை போட்ட இந்தியச் சிப்பாய்கள் எழுதித் தள்ளியிருக்கிறார்கள், சார். 1915 தொடக்கத்தில் வாரத்துக்குப் பத்தாயிரத்திலிருந்து இருபதாயிரம் கடிதங்கள்! அதில் பெரும்பாலோருக்கு எழுதப் படிக்கத் தெரியாது. பக்கத்துப் படுக்கைக்காரர் எழுத, ஊரில் போஸ்ட்மேனோ வாத்தியாரோ உரக்கப் படிக்க, திண்ணையே கூடிக் கேட்கும். பெண்டாட்டிக்கு எழுதுகிற சமாசாரத்தை ஊருக்கே எழுதுவது எப்படி என்று யோசித்துப் பாருங்கள்.

நடுவில் இன்னொருவர் வேறு. ஹோவெல் என்ற ஐ.சி.எஸ். அதிகாரி பூலோன் நகரில் உட்கார்ந்துகொண்டு, இந்தக் கடிதங்களைத் தணிக்கை செய்தார். சிப்பாய்கள் லேசுப்பட்டவர்களா? கறுப்பு மிளகு, சிவப்பு மிளகு என்று மளிகை லிஸ்ட் மாதிரி எழுதினார்கள். கறுப்பு என்றால் நம் ஆட்கள், சிவப்பு என்றால் வெள்ளைக்காரன். கறுப்பு தீர்ந்துபோச்சு என்றால், ஊரில் புரிந்துகொள்வார்கள், தம்பியை ராணுவத்தில் சேர்க்காதே என்று. ஹோவெலுக்கும் புரிந்துவிட்டது என்பதுதான் வேடிக்கை!

அவருடைய ஆபீஸ் இங்கிலீஷில் மொழிபெயர்த்து எடுத்து வைத்த பகுதிகள் லண்டன் பிரிட்டிஷ் நூலகத்தில் இருக்கின்றன. மூலக் கடிதங்களில் பெரும்பாலானவை போன இடம் தெரியவில்லை. நான் பி.காம். ஆடிட்டிங் பேப்பரில் முதலில் சொல்லித் தருவது, வவுச்சர் இல்லாமல் லெட்ஜரை நம்பாதே என்பது. இங்கே வவுச்சர் காணோம். லெட்ஜர் மட்டும் இருக்கிறது, அதுவும் தணிக்கைக்காரர் எழுதினது. இருந்தாலும் சரித்திரக்காரர்கள் அதைத்தான் துழாவுகிறார்கள். வேறு கதியில்லை. போதாக்குறைக்கு, பஞ்சாபிகளும் கார்வாலிகளும் கூர்க்காக்களும்தான் சண்டைக்கு லாயக்கு என்று வெள்ளைக்காரன் முடிவுகட்டி வைத்திருந்ததால், அந்த பிரான்ஸ் கட்டுகளில் தமிழ்க்குரலைத் தேடிப்பிடிப்பதே கஷ்டம்.

சரி, நம் ஜில்லாவில் பிற்பாடு நடந்த சண்டைகளின் கடிதமாவது கிடைக்குமா?

கடலூர் முதுநகரில் ஒரு ரிட்டயர்டு ஹவில்தாரைக் கேட்டேன். "அம்மாவுக்கு நான் எழுதினதெல்லாம் பரண்ல ட்ரங்குப் பெட்டியில கெடந்துச்சு தம்பி. தானே புயல்ல ஓடு பறந்து, மூணு நாள் மழைத்தண்ணியில ஊறிடுச்சு. தொட்டா தோசை மாவு. பென்ஷன் புக்கைக் காப்பாத்திட்டேன்" என்றார். 2011 டிசம்பர் 30. கடலூரில் எத்தனை வீட்டுப் பரண்களை அந்தப் புயல் தணிக்கை செய்ததோ! பிறகு அவரே, "சிதம்பரத்துல என்னோட இருந்தவன் சம்சாரம் பத்திரமா வச்சிருக்கு, போய்ப் பாரு" என்று விலாசம் கொடுத்தார்.

அந்த அம்மாவுக்கு வயது எண்பதை நெருங்குகிறது. கடிதங்கள் ஹார்லிக்ஸ் டப்பாவில். எல்லாம் 1971, நீல இன்லண்ட். அனுப்பியவர் விலாசத்தில் பெயர், யூனிட், கேர் ஆஃப் 99 ஏ.பி.ஓ. அவ்வளவுதான். "ஆள் எங்க இருக்காருன்னே தெரியாது. நம்பருக்குத்தான் வாக்கப்பட்ட மாதிரி" என்றார்.

நான் குண்டு, பீரங்கி என்று எதிர்பார்த்தேன். இருந்தது என்ன தெரியுமா? வீராணத்தில் தண்ணீர் எவ்வளவு, சம்பா நட்டாச்சா, மணியார்டர் வந்ததா, அதில் மளிகைக்காரனுக்கு எவ்வளவு, மாமனாருக்கு எவ்வளவு. ஒரு காமர்ஸ்காரனுக்குக் கண்ணில் நீர் வரவழைக்கும் கணக்கு! ஆனால் யுத்தம் எங்கே?

அக்டோபர் கடிதம் ஒன்றை அந்த அம்மா எடுத்தார். கடைசி வரி: 'இந்த வருஷம் திருவாதிரைக் களி எனக்கு வேண்டாம்.'

"உடம்பு சரியில்லையாக்கும்னு நெனச்சீங்களா?" என்று கேட்டேன்.

"நீ ஒண்ணு! ஆருத்ரா தரிசனத்துக்கு லீவுல வரேன்னு சத்தியம் பண்ணிட்டுப் போன மனுஷன். களி வேண்டாம்னா லீவு இல்லன்னு அர்த்தம். லீவு இல்லன்னா சண்டைன்னு அர்த்தம். ஆபீசர் படிச்சுட்டுத்தானே அனுப்புவாங்க? அவரு வேற எப்படி எழுதுவாரு? அன்னைக்கே எனக்கு வயித்தைக் கலக்கிடுச்சு."

டிசம்பர் 3-ம் தேதிதான் யுத்தம் மூண்டது. சிதம்பரத்தில் ஒரு வீட்டுக்கு அக்டோபரிலேயே தெரிந்துவிட்டது, களி வழியாக! இதை எந்த ஆவணக் காப்பகத்தில் கொண்டுபோய் வைத்தாலும், படிக்கிற ஆராய்ச்சியாளர் 'இவருக்கு இனிப்பு பிடிக்காது போலும்' என்று குறிப்பெழுதிவிட்டு அடுத்த கட்டுக்குப் போய்விடுவார். அர்த்தம் காகிதத்தில் இல்லையே, டப்பாவுக்குப் பக்கத்தில் அல்லவா உட்கார்ந்திருக்கிறது!

அதனால் பேனாவைத் திறந்துகொண்டு, "ஒவ்வொரு கடிதத்தையும் படிங்கம்மா, விளக்கம் சொல்லுங்க, எழுதிக்கறேன்" என்றேன். படித்தார். நடுநடுவே உதடு மட்டும் அசையும், சத்தம் வராது. அப்புறம் இரண்டு மூன்று வரி தாண்டித்தான் குரல் வரும்.

"அங்க என்னம்மா எழுதியிருக்கு?"

"அது உனக்கில்ல தம்பி."

அவர் கணவர் திரும்பி வந்து, பென்ஷன் வாங்கி, பேரன் பேத்தி பார்த்து, பத்து வருஷம் முன்புதான் காலமானார். டப்பாவைப் பிள்ளைகள் ஜெராக்ஸ் எடுத்து வைக்கலாம் என்கிறார்களாம். அம்மா யோசித்துச் சொல்வதாக இருக்கிறார். தை பொறந்ததும் மறுபடி வரச் சொல்லியிருக்கிறார்.