தகுதியை வரையறுப்பவர் யார்?

எட்டாம் வகுப்புவரை கற்பிக்கும் ஆசிரியர், தகுதித்தேர்வில் தேறினாலன்றிப் பணிஉயர்வு பெறவியலாதென 1-9-2025 அன்று இந்திய உச்சநயமன்றம் தீர்ப்புரைத்தது. ஓய்வுக்கு ஐந்தாண்டிற்குமேல் உள்ளோர் ஈராண்டிற்குள் தேறாவிடின் பணியே நீங்க வேண்டுமென்றும் கூறிற்று.

அத்தேர்வு 2010-இல் வகுக்கப்பட்டது. அதற்குமுன் பணியேற்றோர், அன்று அரசு கேட்ட தகுதி அனைத்தும் காட்டியே வகுப்பறை புகுந்தனர். பிறவாத தேர்வை எழுதவில்லையென்று அவர்களை ஒறுப்பது எவ்வகை அறம்? ஆசிரியர்க்குத் தகுதி வேண்டும், ஐயமில்லை. அதை வரையறுக்கும் உரிமை எவர்க்கென்பதே வினா.

நெருக்கடிக் காலத்தில், 1976-ஆம் ஆண்டின் 42-ஆம் அரசமைப்புத் திருத்தம் கல்வியை மாநிலப் பட்டியலினின்று பொதுப்பட்டியலுக்குப் பெயர்த்தது. வேர் அங்கேயுள்ளது; தீர்ப்பு அதன் காய். தமிழகக் கல்வி தமிழர் கைக்கு மீளும்வரை, ஆசிரியர் ஏறும் படிகள் வழக்குமன்றப் படிகளே!