யுத்தப் படமும் படம் பிடித்தவரும்

யுத்தம் முடிந்தது என்று சர்க்கார்கள் கையெழுத்துப் போட்டுவிட்டால், போனவர்கள் எல்லோரும் வீடு திரும்பி முன்போலவே இருப்பார்கள் என்று ஜனங்கள் நினைத்துக் கொள்ளுகிறார்கள். அப்படி இல்லாத ஒருவரைக் கண்டால் "மன உறுதி போதாது" என்றோ, "எல்லாம் தலைவிதி" என்றோ சொல்லிவிட்டுத் தங்கள் வேலையைப் பார்க்கப் போய்விடுகிறார்கள். இது அறிவுக்குப் பொருத்தமா?

அமெரிக்காவில் பிறந்த லீ மில்லர் அம்மையாரை எடுத்துக் கொள்ளுவோம். இரண்டாவது உலக யுத்தத்தில் "வோக்" என்னும் பெண்கள் உடைப் பத்திரிகைக்காகப் போட்டோ எடுக்கப் போனவர் இவர். 1944-ல் பிரான்சில் காயம்பட்டோர் கிடந்த ஆஸ்பத்திரிகளையும், 1945 ஏப்ரலில் புக்கன்வால்ட், டாக்காவ் என்னும் நாஜி முகாம்களில் குவிந்து கிடந்த பிணங்களையும் படம் பிடித்தார். பார்த்தவர்கள் "ஐயோ" என்றார்கள். பிறகு பக்கத்தைத் திருப்பினார்கள். பிடித்தவரால் அப்படித் திருப்ப முடியுமா?

1946-ல் இங்கிலாந்து திரும்பினார். 1947-ல் மகன் பிறந்தான். 1949 முதல் சசெக்ஸ் கிராமம் ஒன்றில் பண்ணை வீடு. சாப்பாட்டுக்குக் குறைவில்லை. ஆனாலும் மனச்சோர்வும் குடியும் அவரைப் பிடித்துக் கொண்டன. பிற்காலத்தில் சமையற் கலையில் ஈடுபட்டு ஓரளவு தேறினார். ஆனால் யுத்தப் படங்களைப் பெட்டிகளில் அடைத்துப் பரணில் ஏற்றியவர், ஏற்றியவர்தான். 1977-ல் அவர் இறந்த பிறகே சுமார் 60,000 படங்களையும் நெகட்டிவ்களையும் காகிதங்களையும் குடும்பத்தார் கண்டெடுத்தார்கள். தாய் செய்த வேலை எவ்வளவு பெரியது என்பது பெற்ற பிள்ளைக்கே அப்போதுதான் தெரிந்தது.

இளமையிலேயே பெருந்துன்பம் பட்டவர் அவர். ஆகவே எல்லாம் யுத்தத்தாலேயே வந்தது என்று நாம் சாதிக்க வரவில்லை. ஆனால் காரணமில்லாமல் காரியமில்லை. கொடுமையைக் கண்டவர்களுக்குப் பின்னால் வரும் இவ்விதக் கோளாறுக்குத் தனிப்பெயர் கொடுத்து, அமெரிக்க மனோவைத்திய சங்கத்தார் வியாதிப் பட்டியலில் சேர்த்தது 1980-ல்தான். அதாவது, அம்மையார் இறந்து மூன்று வருஷம் கழித்து! வியாதிக்குப் பெயரில்லாத காலத்தில் நோயாளிக்குத்தான் கெட்ட பெயர் வரும்.

தோழர்களே! இன்று பெயரும் இருக்கிறது, வைத்தியமும் இருக்கிறது. ஆயினும் கால் போனவருக்குக் கட்டைக்கால் கொடுக்கிறோம். மனம் புண்பட்டவருக்குப் புத்திமதி கொடுக்கிறோம். இது என்ன நியாயம்? படத்தை விற்று லாபம் எடுக்கும் பத்திரிகை முதலாளிகள், அதைப் பிடித்தவரின் வைத்தியச் செலவையும் ஏற்க வேண்டியதுதான் முறை. வீட்டாரும் ஊராரும் விதியின் மேல் பழிபோடுவதை விட்டு, அவரை வைத்தியரிடம் அழைத்துப் போக வேண்டும். யுத்தப் படத்தைப் பார்த்து இரக்கப்படுகிற நாமோ, அந்த இரக்கத்தில் கொஞ்சத்தைப் படம் பிடித்தவருக்கும் வைக்க வேண்டும்.