ஐந்து விழுக்காடும் 48 மணி நேரமும்

2018இல் 'மனுஷனா நீ' என்ற சிறிய படத்தின் திருட்டுப் பிரதி இணையத்தில் ஏறியது. கண்ணுக்குத் தெரியாமல் படத்தில் பதித்திருக்கும் வாட்டர்மார்க்கை வைத்து, அது கிருஷ்ணகிரித் திரையரங்கு ஒன்றில் எடுக்கப்பட்டது என்று தயாரிப்பாளர் தரப்பு புகார் செய்தது. அதே மாவட்டத்து நாகரசம்பட்டிக்காரர்கள் படம் பார்க்கப் பஸ் ஏறும் ஊர்தான் அது. 2024இல் மலையாளப் படமான 'ஏ.ஆர்.எம்.' கோவையில் பதிவானதாகச் சொல்லி, கொச்சி சைபர் போலீசார் பெங்களூரில் இருவரைப் பிடித்தார்கள். எங்கோ வெளிநாட்டு சர்வரில் நடக்கிற திருட்டு என்று நாம் நினைப்பது பக்கத்து இருக்கையில் தொடங்குகிறது. பெரிய நடிகரின் படம் கசிந்தாலும் ரசிகர் கூட்டம் தாங்கிவிடும். நாலு பேர் நல்லா இருக்குன்னு சொன்ன பிறகே கூட்டம் சேரும் சிறிய படத்துக்கு முதல் நாலு நாள்தான் உயிர்.

சட்டம் இந்த வேறுபாட்டைப் பார்ப்பதில்லை. 2023இல் திருத்திய சினிமாட்டோகிராஃப் சட்டப்படி, திரையரங்கில் படம் பிடித்தாலோ அதைப் பரப்பினாலோ 3 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறை. அபராதம் 3 லட்சத்தில் தொடங்கித் தயாரிப்புச் செலவில் 5 விழுக்காடு வரை போகும். நூறு கோடிப் படத்துக்கு அந்த உச்சவரம்பு 5 கோடி, ஒரு கோடிப் படத்துக்கு 5 லட்சம். நொடிந்துபோன தயாரிப்பாளருக்கு இரண்டாலும் இழப்பீடு இல்லை. புகார் வந்தால் 48 மணி நேரத்தில் இணைப்பை நீக்க அதிகாரிகள் இருக்கிறார்கள். வெள்ளிக்கிழமை வெளியான சிறிய படம் அதற்குள் காட்சிகளை இழந்துவிடும். வெளியீட்டுக்கு முன்பே உயர் நீதிமன்றத்தில், அடையாளம் தெரியாதவர்களுக்கு எதிரான 'அசோக் குமார்' தடை உத்தரவு வாங்க வக்கீல் வைக்கும் வசதி எல்லோருக்கும் இல்லை. அந்த உத்தரவும் கண்மூடித்தனமாகப் பாய்ந்ததுண்டு: 2012இல் '3' படத்துக்காக முழுத் தளங்களையே முடக்கினார்கள், குறிப்பிட்ட இணைப்புகளை மட்டும் தடுங்கள் என்று சென்னை உயர் நீதிமன்றம் பிறகு திருத்தியது.

ஓசூரில் ஷிப்டு பார்ப்பவர் குடும்பத்தோடு தியேட்டருக்குப் போனால் ஒரு நாள் கூலி போய்விடும் என்பார்கள். உண்மைதான். ஆனால் திருட்டுத் தளமும் தர்மச் சத்திரம் அல்ல. சூதாட்ட விளம்பரத்திலும் போனில் நுழையும் தீய செயலிகளிலும்தான் அது சம்பாதிக்கிறது, அந்த விலையைக் கொடுப்பவரும் இதே தொழிலாளிதான். பார்ப்பதெல்லாம் குற்றமா என்று கேட்கலாம். 2023 திருத்தம் குறிவைப்பது எடுப்பவரையும் பரப்புபவரையும். டெலிகிராம் குழுவில் கோப்பைத் தள்ளிவிடுகிறவரும் பயணிகளுக்குப் போட்டுக்காட்டும் ஆம்னி பஸ்காரரும் பரப்புபவர் கணக்கில் வரக்கூடும். பதிப்புரிமைச் சட்டத்தின் 63ஆம் பிரிவும் 3 ஆண்டுவரை சிறை வைக்கிறது. அரசு செய்யக்கூடியது ஒன்று உண்டு: சிறு படத் தயாரிப்பாளர் சார்பில் வெளியீட்டு நாளிலேயே, கட்டணமின்றி, நீக்கல் புகார் கொடுக்கும் ஒரு மேசை.