மார்கழி ஏன் சின்னது?

பிளசன்டனில் மழை பெய்த ஒரு சனிக்கிழமை சாயங்காலம், மகள் தன் டிராகன் உலகத்துக்கு காலண்டர் போட்டுக்கொண்டிருந்தாள். "அப்பா, ஒரு மாசத்துக்கு 29 நாள், இன்னொண்ணுக்கு 32ன்னு வெச்சா யாராவது நம்புவாங்களா?"

"நம்ம காலண்டரே அப்படித்தான்மா!"

சூரியன் ஒரு ராசியைக் கடக்கும் காலம்தான் தமிழ் மாதம். ஜூலைத் தொடக்கத்தில் பூமி சூரியனை விட்டுத் தள்ளி, மெதுவாக நகர்கிறது. அதனால் ஆனி 32 நாள் வரை நீளும். ஜனவரித் தொடக்கத்தில் கிட்டே வந்து வேகமாக ஓடுவதால் மார்கழி பெரும்பாலும் 29 நாளிலேயே முடிந்துவிடும்.

"அப்போ நான் எந்த மாசம்?"

எனக்குத் தெரியவில்லை. ஊருக்கு போன் போட்டேன். அம்மா யோசிக்கவே இல்லை: "ஐப்பசி, ரோகிணி."

உங்க பிள்ளைங்களுக்கும் பாட்டிகிட்ட இன்னைக்கே கேட்டு எழுதி வெச்சுக்குங்க.