குணசேகரனின் கண்கள்
நானுஓயா தேயிலைத் தோட்ட லயங்களின் தகரக்கூரையில் டிஷ் ஏறிய பிறகு சன் டிவி நடிகர்கள் நமக்கும் வீட்டு ஆட்களாகிவிட்டார்கள். அவர்களில் ஜி. மாரிமுத்துவின் நடிப்பை இன்னும் சரியாக எடைபோடவில்லை என்பேன். ‘கண்ணும் கண்ணும்’ (2008), ‘புலிவால்’ (2014) படங்களை இயக்கியவர். ‘பரியேறும் பெருமாள்’ போன்றவற்றில் துணை வேடங்கள். ஊரெல்லாம் பேச வைத்தது என்னவோ 2022இல் தொடங்கிய ‘எதிர்நீச்சல்’ தொடர்தான். பெண்களை அடக்கும் ஆதி குணசேகரன் என்ற பாத்திரத்தை ரசிக்க வைத்துவிட்டார் என்பது அவர்மீதுள்ள குற்றச்சாட்டு. அதில் பாதி உண்மை; குணசேகரனின் ‘இந்தாம்மா ஏய்’ என்ற அதட்டலை வீட்டிலும் சொல்லிப் பார்த்த ஆண்கள் இருக்கத்தான் செய்வார்கள். ஆனால் அவர் அரக்கனாக நடிக்கவில்லை. கத்தி முடித்ததும், தன் பேச்சு எடுபடவில்லையோ என்றொரு பதற்றம் அந்தக் கண்களில் வந்துபோகும். கொழுந்து நிறுத்துக் கொடுத்து, இரவுச் சோற்றையும் ஆக்கிவிட்டு டிவி முன் உட்காரும் பெண்ணுக்கு அந்த அதட்டல் மலையிலும் வீட்டிலும் கேட்டுப் பழகியது. அதற்குள் இருக்கும் பயம்தான் புதிது. எல்லாம் எழுதியவரின் திறமை என்பார்கள். அப்படியானால் யார் நடித்தாலும் அந்தப் பயம் தெரிந்திருக்க வேண்டும். 2023 செப்டம்பர் 8இல் அதே தொடருக்கு டப்பிங் பேசப் போன இடத்தில் மாரிமுத்து காலமானார். பிறகு அதே வேடத்துக்கு வேல ராமமூர்த்தி வந்தார். நல்ல நடிகர், மிரட்டலுக்கும் குறைவில்லை. அந்தப் பதற்றம் மட்டும் வரவில்லை.