வாய் திறந்து மூச்சு விடும் பூனை

மரக்காணம் உப்பளங்களில் சித்திரை, வைகாசி வெயிலில் உப்பு வாருகிறவர்களுக்கே மூச்சு வாங்கும். அந்த வெயிலில் பூனை இளைத்தால், "சூடுதான், நிழலில் கிடந்தால் சரியாகிவிடும்" என்று எங்கள் தெருவில் விட்டுவிடுகிறார்கள். எனக்கு இதில் துளியும் உடன்பாடில்லை. நாய் நாக்கைத் தொங்கவிட்டு இளைப்பது உடம்பைக் குளிர்விக்க. பூனைக்கு அது வழக்கமில்லை. துள்ளி விளையாடிய குட்டி சற்று இளைத்து அடங்கலாம். நிழலில் படுத்த பிறகும் வாய் மூடாவிட்டால் ஆஸ்துமா, இதயக் கோளாறு, நெஞ்சில் நீர் என்று எதுவும் இருக்கலாம். குட்டிகளுக்குச் சளிக்காய்ச்சலும், தெள்ளுப்பூச்சி ரத்தம் உறிஞ்சியதால் வரும் சோகையும்கூட.

தூங்கும்போது விலா ஏறி இறங்குவதை எண்ணுங்கள். நிமிடத்துக்கு 30-ஐத் தொடர்ந்து தாண்டினால் மருத்துவரிடம் காட்ட வேண்டும். ஈறு வெளுத்தோ நீலம் பாய்ந்தோ இருந்தால் உடனே கிளம்புங்கள். வாயைப் பிளந்து தண்ணீர் ஊற்றாதீர்கள், புரையேறும். பாரசிட்டமால் கொடுக்கவே கூடாது. அது பூனையின் ரத்தத்தையே ஆக்சிஜன் சுமக்க முடியாமல் ஆக்கிவிடும்.

கறவை மாட்டுக்கு நடமாடும் கால்நடை மருத்துவ ஊர்திக்கான 1962 என்ற எண்ணை அழைக்கிற நாம் பூனைக்கும் அழைத்துக் கேட்கலாம். அந்த ஊர்திகளில் பூனை முகத்துக்கேற்ற ஆக்சிஜன் முகமூடி இருப்பதை அரசு உறுதிசெய்ய வேண்டும்.