டெல்டாவின் நிலத்தடி நீருக்கு யார் பொறுப்பு?

காவிரிப் பிரச்சினை தில்லியில் விவாதிக்கப்படும்போதெல்லாம் இரண்டு இடங்களின் பெயர்கள் தவறாமல் அடிபடும். ஒன்று, கர்நாடகத்தின் ஸ்ரீரங்கப்பட்டணம் வட்டத்தில் உள்ள கிருஷ்ணராஜசாகர் அணை. மற்றொன்று, மாநில எல்லையில் நீர் அளக்கப்படும் பிலிகுண்டுலு. அணையில் எத்தனை அடி நீர் இருக்கிறது, எல்லைக்கு எத்தனை டி.எம்.சி. வந்து சேர்ந்தது என்பதோடு விவாதம் முடிந்துவிடுகிறது. மூன்றாவதாகவும் ஓர் இடம் உண்டு. அது டெல்டா விவசாயியின் காலுக்குக் கீழே இருக்கிறது. காவிரிப் பங்கீட்டில் உச்ச நீதிமன்றமே கணக்கில் சேர்த்துக்கொண்ட அந்த நிலத்தடி நீரைப் பாதுகாப்பது யார் என்ற கேள்விக்கு மட்டும் இன்றுவரை விடை இல்லை.

காவிரி நடுவர் மன்றம் 2007 பிப்ரவரி 5-ஆம் தேதி வழங்கிய இறுதித் தீர்ப்பில், கர்நாடகம் தமிழகத்துக்கு ஆண்டுதோறும் விட வேண்டிய நீர் 192 டி.எம்.சி. என்று நிர்ணயித்தது. 2018 பிப்ரவரி 16-ஆம் தேதி உச்ச நீதிமன்றம் அதை 177.25 டி.எம்.சி.யாகக் குறைத்தது. குறைக்கப்பட்ட 14.75 டி.எம்.சி.யில் 4.75 டி.எம்.சி. பெங்களூரு நகரின் குடிநீர்த் தேவைக்காக. மீதி 10 டி.எம்.சி.க்கு நீதிமன்றம் கூறிய காரணம், தமிழகத்தின் நிலத்தடி நீர். டெல்டாவில் 20 டி.எம்.சி. நிலத்தடி நீர் கிடைக்கிறது, அளவுக்கு மீறி எடுப்பதால் வரும் ஆபத்தைக் கருதி அதில் பாதியை மட்டும் கணக்கில் கொள்ளலாம் என்பது தீர்ப்பின் சாரம். இந்தப் பங்கீடு 15 ஆண்டுகளுக்கு மாறாது என்றும் நீதிமன்றம் தெளிவுபடுத்தியது.

இதன் பொருள் என்ன? ஆற்றில் வர வேண்டிய 10 டி.எம்.சி.க்கு ஈடாக நிலத்தடியில் இருக்கும் 10 டி.எம்.சி. தமிழகத்தின் கணக்கில் வரவு வைக்கப்பட்டுள்ளது. அந்த நீர் கெட்டுப்போனாலோ வற்றிப்போனாலோ அதற்கு ஈடாக பிலிகுண்டுலுவில் ஒரு சொட்டு கூடுதலாகக் கிடைக்காது. ஏற்கெனவே கடலோரப் பகுதிகளில் உப்பு நீர் உட்புகுந்து நிலத்தடி நீரைக் கெடுத்து வருகிறது. மிஞ்சியிருப்பதையாவது காப்பாற்ற வேண்டிய வேளையில்தான், அதே நிலத்தின் வழியே எண்ணெய், எரிவாயு தேடித் துளையிடும் கொள்கையை மத்திய அரசு படிப்படியாகத் தளர்த்தி வந்திருக்கிறது.

இதில் மிகுந்த அச்சத்தை ஏற்படுத்துவது, 'நீரியல் விரிசல்' எனப்படும் முறை. பூமிக்கு அடியில் பல ஆயிரம் அடி ஆழத்தில், ஷேல் எனப்படும் களிப்பாறைகளின் நுண்துளைகளில் எரிவாயு சிறைப்பட்டிருக்கிறது. கிணற்றைச் செங்குத்தாகத் தோண்டி, பிறகு பக்கவாட்டில் திருப்பி, நீரையும் மணலையும் ரசாயனங்களையும் பெரும் அழுத்தத்தில் செலுத்திப் பாறையைப் பிளக்கிறார்கள். விரிசல் மூடாதபடி மணல் முட்டுக் கொடுக்க, எரிவாயு வெளியேறுகிறது. அமெரிக்கப் புவியியல் ஆய்வு நிறுவனத்தின் கணக்குப்படி இதற்குக் கிணறு ஒன்றுக்குச் சுமார் 60 லட்சம் லிட்டர் முதல் 6 கோடி லிட்டர் வரை நீர் தேவை.

ஒரு டி.எம்.சி. என்பது சுமார் 2,830 கோடி லிட்டர். அதில் 400 கிணறுகளுக்கு மேல் பிளந்துவிடலாமே, இதற்கா இத்தனை கூச்சல் என்று கேட்போர் உண்டு. கணக்கு சரிதான். ஆனால், அளவு மட்டுமே பிரச்சினை அல்ல. வயலுக்குப் பாய்ச்சும் நீரில் ஒரு பகுதி மீண்டும் நிலத்தடிக்கே சென்று சேர்கிறது. பாறைக்குள் செலுத்தும் நீரோ பெருமளவு அங்கேயே தங்கிவிடுகிறது. மேலே திரும்பி வருவது உப்பும் ரசாயனமும், பாறையில் இருந்த பிற பொருள்களும் கலந்த கழிவு. குடிப்பதற்கும் பாசனத்துக்கும் பயன்படாத அந்தக் கழிவைச் சமதளமான, வாய்க்கால்கள் பின்னிக் கிடக்கும் டெல்டாவில் எங்கே கொண்டுபோய் வைப்பது?

அமெரிக்காவின் சுற்றுச்சூழல் பாதுகாப்பு முகமை 2016 டிசம்பரில் வெளியிட்ட இறுதி அறிக்கை, சில சூழ்நிலைகளில் இந்தப் பணிகள் குடிநீர் ஆதாரங்களைப் பாதிக்கக்கூடும் என்று ஒப்புக்கொண்டது. நீர் குறைவாக உள்ள இடத்தில் அதை எடுப்பது, கிணற்றுச் சுவரின் பழுது, ரசாயனக் கசிவு, சரியாகச் சுத்திகரிக்காத கழிவு நீர் என்று காரணங்களையும் அது பட்டியலிட்டது. ஆக்லஹோமா மாநிலத்தில் எண்ணெய், எரிவாயுக் கிணறுகளின் கழிவு நீரை ஆழத்தில் செலுத்தியது நிலநடுக்கங்களுக்குக் காரணமானது. 2016 செப்டம்பரில் அங்கு ஏற்பட்ட நிலநடுக்கத்தின் அளவு 5.8. பிரான்ஸ் 2011-லேயே இந்த முறையைத் தடை செய்தது. இங்கிலாந்து 2019-ல் நிறுத்தி வைத்தது. 2022-ல் சில வாரங்கள் மட்டும் விலக்கிக்கொண்ட அந்தத் தடையை மீண்டும் கொண்டுவந்தது.

இந்தியாவின் பயணம் எதிர்த்திசையில் இருக்கிறது. 2013 அக்டோபரில் அறிவிக்கப்பட்ட ஷேல் கொள்கை, பொதுத்துறை நிறுவனங்களை மட்டுமே இந்தத் தேடலில் அனுமதித்தது. ஓ.என்.ஜி.சி.க்கு முதல் கட்டமாக ஒதுக்கப்பட்ட 50 வட்டாரங்களில் ஒன்பது காவிரிப் படுகையில் இருந்தன. 2016-ல் வந்த புதிய ஹைட்ரோகார்பன் உரிமக் கொள்கை, எல்லா வகை எண்ணெய், எரிவாயுவுக்கும் ஒரே உரிமம் போதும் என்றது. 2018 ஆகஸ்டில், பழைய ஒப்பந்தப் பகுதிகளிலும் ஷேல் வாயு, நிலக்கரிப் படுகை மீத்தேன் போன்றவற்றைத் தேடலாம் என்று மத்திய அமைச்சரவை முடிவு செய்தது.

இதன் உச்சமாக வந்தது எண்ணெய் வயல்கள் சட்டத் திருத்தம். 2024 டிசம்பரில் மாநிலங்களவையிலும், 2025 மார்ச்சில் மக்களவையிலும் அது நிறைவேறியது. 'கனிம எண்ணெய்' என்ற சொல்லின் வரையறைக்குள் ஷேல் வாயுவும் நிலக்கரிப் படுகை மீத்தேனும் கொண்டுவரப்பட்டன. விதிமீறலுக்குச் சிறைத் தண்டனை என்பது போய், 25 லட்சம் ரூபாய் வரை அபராதம் என்றாயிற்று. முதலீட்டாளருக்கு உறுதி அளிப்பதே நோக்கம் என்று அரசு கூறியது. மாநில உரிமை பற்றி எதிர்க்கட்சியினர் ஐயம் எழுப்பினர். எண்ணெயின் வரையறை இவ்வளவு கவனமாக விரிக்கப்பட்டதே, அதன் மேலே படுத்திருக்கும் நீரின் பாதுகாப்புக்கு அதே அளவு கவனம் செலுத்தப்பட்டதா?

சிக்கலின் வேர் அரசியல் சட்டத்திலேயே இருக்கிறது. ஏழாவது அட்டவணையின்படி எண்ணெய் வயல்களும் கனிம எண்ணெயும் மத்தியப் பட்டியலின் 53-ஆவது இனம். தண்ணீரும் பாசனமும் மாநிலப் பட்டியலின் 17-ஆவது இனம். விவசாயம் 14-ஆவது இனம். காகிதத்தில் இவை தனித்தனிப் பட்டியல்கள். பூமிக்கு அடியில் அப்படிப் பிரிவு ஏதும் இல்லை. மத்திய அரசுக்கு உரிய எரிவாயுவைத் தொட வேண்டுமானால், மாநிலத்துக்கு உரிய நீரைத் துளைத்துக்கொண்டுதான் குழாய் இறங்கியாக வேண்டும். அப்படி இறங்கும்போது நீரின் சொந்தக்காரரைக் கேட்க வேண்டுமா, வேண்டாமா என்பதே கேள்வி.

கேட்க வேண்டாம் என்ற திசையில்தான் விதிகளும் மாறின. 2020 ஜனவரி 16-ஆம் தேதி மத்திய சுற்றுச்சூழல் அமைச்சகம் வெளியிட்ட அறிவிக்கை, எண்ணெய், எரிவாயு ஆய்வுக் கிணறுகளை 'பி-2' பிரிவுக்கு மாற்றியது. அந்தப் பிரிவில் மக்கள் கருத்துக் கேட்பு இல்லை. உற்பத்திக் கட்டத்துக்கு விலக்கு இல்லையே என்பது அரசின் சமாதானம். ஆனால், நிலத்தடி நீர்ப்படுகை துளைக்கப்படுவது ஆய்வுக் கட்டத்திலேயே அல்லவா? துளைத்து முடித்த பிறகு கருத்துக் கேட்பதில் என்ன பயன்?

தமிழகத்தில் இந்த அச்சம் வெறும் கற்பனையில் பிறந்தது அல்ல. மன்னார்குடி வட்டாரத்தில் நிலக்கரிப் படுகை மீத்தேன் எடுக்க 2010-ல் ஒரு தனியார் நிறுவனத்துடன் ஒப்பந்தமானபோது, நிலக்கரிப் படுகையில் உள்ள நீரை வெளியேற்றினால்தான் வாயு வரும் என்ற உண்மை ஊர் ஊராகப் போய்ச் சேர்ந்தது. அதைக் கொண்டு சேர்த்தவர்களில் முதன்மையானவர் இயற்கை வேளாண் விஞ்ஞானி நம்மாழ்வார். 2013 டிசம்பரில் அவர் மறைந்தபோதும் அந்தப் பிரசாரம் ஓயவில்லை. 2015-ல் தமிழக அரசு மீத்தேன் திட்டத்துக்கு அனுமதி இல்லை என்று அறிவித்தது. 2017 பிப்ரவரியில் மத்திய அமைச்சரவை ஒப்புதல் அளித்த 31 ஒப்பந்தப் பகுதிகளில் நெடுவாசலும் இடம்பெற்றதும், புதுக்கோட்டை மாவட்டமே திரண்டெழுந்தது. 2020 பிப்ரவரியில் தமிழகச் சட்டப்பேரவை, காவிரி டெல்டாவைப் பாதுகாக்கப்பட்ட வேளாண் மண்டலமாக்கும் சட்டத்தை நிறைவேற்றியது. ஷேல் வாயு, மீத்தேன் உள்பட புதிய எண்ணெய், எரிவாயுத் திட்டங்களுக்கு அங்கு தடை வந்தது.

ஆனால், அந்தச் சட்டத்திலும் இடைவெளிகள் உண்டு. ஏற்கெனவே நடந்துவரும் பணிகளை அது தொடவில்லை. திருச்சி, அரியலூர், கரூர் மாவட்டங்களை அது சேர்க்கவில்லை. மண்டலத்துக்கு வெளியே உள்ள ராமநாதபுரம் மாவட்டத்தில் ஓ.என்.ஜி.சி.யின் 20 ஆய்வுக் கிணறுகளுக்கு 2025-ல் மாநிலச் சுற்றுச்சூழல் தாக்க மதிப்பீட்டு ஆணையம் அனுமதி அளித்தது. எதிர்ப்பு எழுந்த பிறகு, அனுமதியைத் திரும்பப் பெறுமாறு மாநில அரசு அறிவுறுத்தியது. வீட்டுக்குள்ளேயே ஒரு கை கதவைத் திறக்க, மறு கை ஓடிவந்து சாத்தும் நிலை இது. நிலத்தடி நீரை முறைப்படுத்தத் தமிழகம் 2003-ல் இயற்றிய சட்டமும் முழுமையாக நடைமுறைக்கு வராமலேயே 2013-ல் நீக்கப்பட்டது. மத்திய அரசைக் குறை கூறும் தமிழக ஆட்சியாளர்கள், கட்சி வேறுபாடின்றி, இதற்கும் பதில் சொல்லக் கடமைப்பட்டவர்கள்.

இந்த இடத்தில் மீண்டும் ஸ்ரீரங்கப்பட்டணத்தின் பக்கம் பார்ப்பது பயன் தரும். அங்கு நிலத்துக்கு அடியில் இருப்பது கடினப் பாறை. எரிவாயு தேடி அங்கு யாரும் வரப்போவதில்லை. ஆனால், கிருஷ்ணராஜசாகர் அணைக்கு அருகில் பேபி பெட்டா என்ற குன்றில் கல் குவாரிகள் வெடி வைத்துப் பாறையை உடைத்து வந்தன. 2018 செப்டம்பரில் அணைப் பகுதியில் பலத்த சத்தம் பதிவானதை அடுத்து, 20 கிலோ மீட்டர் சுற்றளவில் குவாரிப் பணிகளை நிறுத்த வேண்டும் என்று கர்நாடக மாநில இயற்கைப் பேரிடர் கண்காணிப்பு மையம் பரிந்துரைத்தது. 2022-ல் சோதனை வெடிப்பு நடத்த ஏற்பாடானபோது விவசாயிகள் அதை எதிர்த்துப் போராடினார்கள். 2024 ஜனவரியில் கர்நாடக உயர் நீதிமன்றம், அணைப் பாதுகாப்புச் சட்டப்படியான ஆய்வு முடியும்வரை 20 கிலோ மீட்டர் சுற்றளவில் குவாரிப் பணிகளுக்குத் தடை விதித்தது.

அந்த உத்தரவின் அடிப்படை எளிமையானது. ஆபத்து இல்லை என்று முதலில் நிரூபியுங்கள், பிறகு பாறையை உடையுங்கள் என்பதே அது. ஆபத்து உண்டென்று நிரூபிக்கும் சுமை மண்டியா விவசாயியின் தலையில் ஏற்றப்படவில்லை. அதே காவிரியின் கடைமடையில் இருக்கும் விவசாயி கேட்பதும் இதைத்தான். அணையில் தேங்கிய நீருக்குக் கிடைத்த அந்த எச்சரிக்கை, மண்ணுக்குள் தேங்கிய நீருக்கு ஏன் கிடைக்கக் கூடாது? தண்ணீர்ப் பங்கீட்டில் எதிரெதிரே நிற்கும் இரு மாநில விவசாயிகளும் இந்த ஒரு விஷயத்தில் ஒரே அணியில் நிற்கிறார்கள் என்பதைத் தில்லி கவனிக்க வேண்டும்.

மறுதரப்பின் வாதத்தையும் ஒதுக்கிவிட முடியாது. கச்சா எண்ணெய்த் தேவையில் 85 சதவீதத்துக்கும் அதிகமாக இறக்குமதியை நம்பியிருக்கும் நாடு இது. உள்நாட்டு உற்பத்தி பெருக வேண்டும் என்பதில் இருவேறு கருத்து இருக்க முடியாது. டெல்டாவில் எடுப்பது வழக்கமான எண்ணெயும் எரிவாயுவும்தான் என்று ஓ.என்.ஜி.சி. கூறி வருகிறது. அப்படியானால், அதை எழுத்தில் உறுதிப்படுத்துவதில் என்ன தயக்கம்? நீரியல் விரிசல் ஷேல் வாயுவுக்கு மட்டுமே உரிய முறை அல்ல. இறுகிய பாறைகளில் அமைந்த வழக்கமான கிணறுகளிலும் அது கையாளப்படுகிறது. ஒரே உரிமத்தில் எல்லாவற்றையும் எடுக்கலாம் என்ற கொள்கை நடைமுறையில் இருக்கும்போது, எந்தக் கிணற்றில் எந்த முறை என்பதை அறியும் உரிமை அந்த ஊர் மக்களுக்கு வேண்டும்.

எனவே, மத்திய அரசு செய்ய வேண்டியவை தெளிவானவை. ஆய்வுக் கிணறுகளுக்கும் மக்கள் கருத்துக் கேட்பை மீண்டும் கட்டாயமாக்க வேண்டும். நீரியல் விரிசலுக்குத் தனி அனுமதி வேண்டும்; செலுத்தும் ரசாயனங்களின் பட்டியல் வெளியிடப்பட வேண்டும். துளையிடுவதற்கு முன்பும் பின்பும் சுற்றுவட்டாரக் கிணறுகளின் நீரைப் பரிசோதித்து, முடிவை ஊராட்சி அலுவலகத்தில் ஒட்ட வேண்டும். காவிரிப் படுகையில் எந்தப் புதிய ஒப்பந்தத்துக்கு முன்பும் மாநில அரசின் இசைவைப் பெறுவதோடு, காவிரி நீர் மேலாண்மை ஆணையத்தின் கருத்தையும் கேட்க வேண்டும். உச்ச நீதிமன்றம் கணக்கில் சேர்த்த நீரைக் கண்காணிக்க அந்த ஆணையத்தைவிடப் பொருத்தமான அமைப்பு வேறில்லை. தமிழக அரசும் வேளாண் மண்டலத்தின் எல்லையை விரித்து, நிலத்தடி நீருக்கு வலுவான சட்டப் பாதுகாப்பு தர வேண்டும்.

ஆற்றில் தண்ணீர் வரவில்லை என்றால் வழக்குத் தொடரலாம், ஆணையத்தில் முறையிடலாம், அடுத்த பருவமழைக்குக் காத்திருக்கலாம். கெட்டுப்போன நிலத்தடி நீரை மீட்டுத் தர எந்த நீதிமன்றத்தாலும் இயலாது. 10 டி.எம்.சி. நிலத்தடி நீர் இருக்கிறது என்று சொல்லித்தான் தமிழகத்தின் ஆற்றுநீர் குறைக்கப்பட்டது. அந்த நீர் அங்கே தொடர்ந்து இருப்பதை உறுதி செய்வது, தீர்ப்பை மதிக்கும் எந்த அரசுக்கும் முதல் கடமை.